கரிசல் வழக்குகள் – 17: காவலுக்கு வைத்த கம்பெனி

விவசாயிகள் சங்கத் தலைவர் நாராயணசாமி நாயுடு கோவில்பட்டியில் உயிர்விட்ட 1984 டிசம்பர் 21-இல் சென்ற பகுதி நின்றது. அரசுக்குச் சொந்தமான மின்வாரியத்தை விவசாயி எதிர்த்த அந்தக் காலத்தில் சண்டை முழுக்க ரோட்டில்தான் நடந்தது. மாட்டுவண்டியைக் கொண்டுவந்து நடுரோட்டில் நிறுத்துவார்கள், கரண்ட் பில் கட்ட மாட்டோம் என்பார்கள், துப்பாக்கிச் சூடு நடக்கும், ஜெயிலுக்குப் போவார்கள். கோர்ட்டுக்குப் போகலாம் என்ற யோசனை யாருக்கும் பெரிதாக வரவில்லை. வந்திருந்தாலும் ராத்திரி ரயிலேறி, விடிந்து எழும்பூரில் இறங்கி, பாரிமுனைக்குப் போய், முன்பின் தெரியாத ஒரு வக்கீல் வீட்டு வாசலில் நிற்க வேண்டும். வானம் பார்த்த பூமியில் கம்பும் பருத்தியும் போடுகிறவனுக்கு அந்த ரயில் டிக்கெட்டே ஒரு செலவு.

ரோட்டுச் சண்டை கோர்ட்டுச் சண்டையாக மாறியதற்கு டெல்லியில் 1981-ஆம் ஆண்டு வந்த இரண்டு தீர்ப்புகள் காரணம். ஒன்று பிப்ரவரியில் வந்தது, இன்னொன்று டிசம்பர் கடைசியில். அந்த வருஷத்தில் இரண்டுக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. முப்பத்துமூன்று வருஷம் கழித்து மேலூர்ப் பக்கத்துக் கல்குவாரிகளில்தான் இரண்டும் சந்தித்துக்கொண்டன.

பிப்ரவரித் தீர்ப்பு கல்லைப் பற்றியது. 1977 டிசம்பரில், எம்.ஜி.ஆர். முதல்வராகிச் சில மாதங்களில், தமிழ்நாடு சிறுகனிமச் சலுகை விதிகளில் 8-சி என்று ஒரு விதி புதிதாக நுழைந்தது. கறுப்பு கிரானைட் வெட்டும் குத்தகை இனித் தனியாருக்குக் கிடையாது, அரசுக்குச் சொந்தமான நிறுவனத்துக்கு மட்டும்தான் என்றது அந்த விதி. தனியார் குத்தகைதாரர்கள் கண்டபடி வெடி வைத்து நல்ல கல்லைப் பாழாக்குகிறார்கள், மலையை அறிவோடு வெட்ட அவர்களுக்குப் பொறுமை இல்லை என்பது அரசு சொன்ன காரணம். இதற்கென்றே தமிழ்நாடு கனிம நிறுவனம் முளைத்தது. சேப்பாக்கத்தில் தலைமையகம், ஊர் வாயில் பெயர் ‘டாமின்’. குத்தகை இழந்தவர்கள் வழக்குப் போட்டார்கள். சென்னை உயர் நீதிமன்றம் விதி செல்லாது என்றது. அரசு டெல்லிக்குப் போனது. ‘ஹிந்த் ஸ்டோன்’ வழக்கு என்று சட்டப் புத்தகங்களில் இருப்பது அதுதான்.

உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி சின்னப்ப ரெட்டி எழுதிய தீர்ப்பு, சுற்றுச்சூழல் என்ற சொல் நம் பத்திரிகைகளில் அவ்வளவாகப் புழங்காத நாளில் வந்தது. ஆறும் காடும் கனிமமும் நாட்டின் சொத்து, ஒரு தலைமுறை எல்லாவற்றையும் தோண்டித் தீர்த்துவிட்டுப் போகக் கூடாது, வரப்போகிறவர்களுக்கும் மிச்சம் வைக்க வேண்டும், அதற்காக அரசு தன் கையில் ஏகபோகமாக வைத்துக்கொண்டால் அதில் தப்பில்லை என்று அவர் காரணம் சொன்னார். விதி செல்லும் என்று ஆயிற்று. கல்லுக்கு அரசுக் கம்பெனி காவல் என்று நாட்டின் உச்ச மன்றமே முத்திரை குத்தியது.

டிசம்பர் 30-இல் வந்த தீர்ப்புக்கும் கல்லுக்கும் சம்பந்தமில்லை. நீதிபதிகளின் நியமனம், இடமாற்றம் பற்றி வக்கீல்கள் போட்ட வழக்கு அது, எஸ்.பி.குப்தா வழக்கு என்பார்கள். நூற்றுக்கணக்கான பக்கம். அதற்குள் நீதிபதி பகவதி எழுதிய ஒரு பகுதிதான் நமக்கு வேண்டியது. அதுவரை கோர்ட்டில் நின்றால் முதல் கேள்வியே ‘இதில் உனக்கு என்ன நஷ்டம்?’ என்பதாக இருந்தது. பொதுச் சொத்து களவு போனால் தனியாக யாருக்கும் நஷ்டமில்லை, ஆகவே யாரும் கேட்க முடியாது. பகவதி அந்தப் பூட்டை உடைத்தார். சொந்த லாபம் கருதாமல் நல்லெண்ணத்தோடு வருகிற எந்தக் குடிமகனும் பொதுக் கேட்டுக்கு எதிராகக் கோர்ட்டின் கதவைத் தட்டலாம் என்றார். பொதுநல வழக்கு அதற்கு முன்பே தலைகாட்டத் தொடங்கியிருந்தாலும் இந்தத் தீர்ப்புக்குப் பிறகுதான் அதற்கு எலும்பும் சதையும் வந்தன.

இனி மேலூருக்குப் போவோம். கரிசல் தொடரில் மேலூர் ஏன் வருகிறது என்று கேட்கிறவர்கள் மதுரை–தூத்துக்குடி ரோட்டை நினைத்துக்கொள்ள வேண்டும். அருப்புக்கோட்டை, பந்தல்குடி, எட்டயபுரம் என்று கரிசலை நெடுக்காக வகுந்துகொண்டு போகிற ரோடு அது, முடிகிற இடம் துறைமுகம். மேலூர் வட்டாரக் கல்லுக்குக் கடல் தூத்துக்குடிதான். கீழவளவுப் பக்கத்து வெள்ளைக் கல்லுக்குச் சந்தையில் ‘காஷ்மீர் ஒயிட்’ என்று பெயர். காஷ்மீருக்கும் அதற்கும் ஒரு தொடர்பும் இல்லை, அயல்நாட்டுச் சமையலறை மேடைகளுக்கு விற்க வைத்த பெயர். அந்தக் குன்றுகளில்தான் சமணப் படுக்கைகளும் தமிழி எழுத்துகளும் இருக்கின்றன. கீழவளவில் பஞ்சபாண்டவர் மலை, திருவாதவூரில் ஓவாமலை. நம் கழுகுமலைச் சமணச் சிற்பங்களுக்குப் பல நூற்றாண்டு மூத்தவை.

8-சி விதி கறுப்பு கிரானைட்டுக்கு வந்தது. பிறகு கலர் கிரானைட்டுக்கும் உலகச் சந்தையில் மவுசு கூடியது. 1992-இல் விதிகள் மறுபடி திருத்தப்பட்டன. பொதுவிதி என்ன சொன்னாலும் கனிம வளர்ச்சியை முன்னிட்டு அரசு தானாகக் குத்தகை வழங்கலாம் என்ற 39-ஆம் விதியை உயர் நீதிமன்றம் செல்லாது என்றது, 1994-இல் உச்ச நீதிமன்றம் செல்லும் என்றது. ஆக, தனியாருக்கும் கதவு திறந்தது, டாமினும் இருந்தது. ஒரே மலையில் ஒரு பக்கம் டாமின் குத்தகை, அடுத்த சர்வே நம்பரில் தனியார் குத்தகை. டாமின் குத்தகையிலும் கல்லை வெட்டி எடுத்துத் தானே வாங்கிக்கொள்ளும் ஒப்பந்தம் பெரும்பாலும் தனியாரிடம்.

களவு எப்படி நடந்ததாகக் குற்றச்சாட்டு என்பதைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். கோடிக்கணக்கை மட்டும் சொல்லிவிட்டுப் போனால் ஒன்றும் விளங்காது. மலையை வெட்டினால் வருவதெல்லாம் விற்கிற கல் இல்லை. பிசிறில்லாமல், கீறல் இல்லாமல், அளவுக்கு வருகிற பிளாக் கொஞ்சம்தான், மீதி கழிவு. எத்தனை கன மீட்டர் தேறியது, எத்தனை கழிந்தது என்று எழுதுகிற கைதான் இந்தத் தொழிலின் கல்லாப்பெட்டி. அரசுக் கம்பெனிக்குத் தேறிய கல்லின் கணக்குப்படிதான் பணம். கோவில்பட்டிப் பருத்தி மண்டியில் தராசு வாங்குகிறவன் கையிலேயே இருந்தால் என்ன ஆகும் என்று நம்மூர்க்காரருக்குச் சொல்ல வேண்டியதில்லை. தேறிய கல்லைக் கழிவு என்று எழுதுவது, நல்ல தரத்தை மட்டத் தரமாக எழுதுவது, ஒரே நடைச்சீட்டில் பல லோடு ஓட்டுவது என்று புகார்கள் அடுக்கப்பட்டன. அதோடு எல்லை தாண்டி வெட்டுவதும் உண்டு. தன் சர்வே நம்பரில் ஆரம்பித்து அடுத்தாற்போல இருக்கிற டாமின் குத்தகைக்குள் புகுந்து, அங்கிருந்து புறம்போக்குக்கும் ஓடைக்கும் கண்மாய்க்கும் போவது. பெரியாறு பாசனக் கால்வாய்களும் கண்மாய்க் கரைகளும் கல் அடுக்கும் களமாகிவிட்டன என்று மேலூர் வட்டாரத்து விவசாயிகள் மனுமேல் மனுவாகக் கொடுத்தார்கள்.

இதில் ஒரு முடிச்சு இருக்கிறது. தனியார் நிலத்தில் கல் களவு போனால் நிலத்துக்காரன் புகார் கொடுப்பான். புறம்போக்கில் போனால் தாசில்தார் கொடுக்கலாம். குத்தகைதாரரே அரசுக் கம்பெனியாக இருந்து, அதன் குத்தகைக்குள்ளிருந்தே களவு போனால்? பறிகொடுத்தவர் டாமின். கணக்கு எழுதியவரும் டாமின். டாமினுக்கு மேலே தொழில்துறை, அதற்கு மேலே அமைச்சர். லஞ்ச ஒழிப்புத் துறை அதே அரசின் கையில். அன்றைக்குத் தமிழ்நாட்டில் லோக்ஆயுக்தாவும் கிடையாது. அதற்கான சட்டமே 2018-இல்தான் வந்தது. பக்கத்துக் கர்நாடகத்தில் சந்தோஷ் ஹெக்டே என்ற லோக்ஆயுக்தா 2011 ஜூலையில் கொடுத்த சுரங்க அறிக்கை ஒரு முதலமைச்சரையே இறக்கியது. இங்கே அப்படி அறிக்கை கொடுக்க ஒரு நாற்காலியே இல்லை. 1981-இல் காவலுக்கு வைத்த கம்பெனி, காவல்காரனின் சட்டையை மாட்டிக்கொண்டு நின்றதாலேயே திருட்டைத் திருட்டு என்று சொல்ல ஆளில்லாமல் போனது என்பது என் கணிப்பு.

உள்ளிருந்தே ஒருவர் சொன்னார். மதுரை கலெக்டராக இருந்த உ.சகாயம் 2012 மே 19-இல் தொழில்துறைக்கு அனுப்பிய அறிக்கையில் அரசுக்கு 16,338 கோடி ரூபாய் இழப்பு என்று கணக்குப் போட்டிருந்தார். சில நாட்களில் அவர் மதுரையில் இல்லை. கோ-ஆப்டெக்ஸ் நிர்வாக இயக்குநராகக் கைத்தறி விற்கப் போனார். அறிக்கை இரண்டு மாதத்துக்கு மேல் யார் கண்ணிலும் படவில்லை. ஆகஸ்டில் பத்திரிகைகளில் கசிந்த பிறகுதான் அசைவு. அடுத்த கலெக்டர் அன்சுல் மிஸ்ரா குழுக்கள் அமைத்துக் குவாரி குவாரியாக அளக்க விட்டார். பி.ஆர்.பி. கிரானைட்ஸ் உள்ளிட்ட நிறுவனங்கள் மீது வழக்குகள் பாய்ந்தன, டாமின் அதிகாரிகள் சிலர் பெயரும் ஏறியது. நிறுவனங்கள் குற்றச்சாட்டுகளை மறுத்தன. ஆட்சி மாறி ஒரு வருஷம் ஆகியிருந்த நேரம் என்பதால் பழைய ஆட்சியின் ஊழல் என்ற பேச்சு எடுபட்டது. குவாரிகள் ஓடிய காலம் இரண்டு ஆட்சிக்கும் பொது என்பதை மேடைகளில் யாரும் சொல்லவில்லை.

வழக்குகள் மேலூர் கோர்ட்டில் மெதுவாக நடந்துகொண்டிருக்க, சென்னையில் எண்பது வயது மனிதர் ஒருவர் ஒரு மனு போட்டார். கே.ஆர்.ராமசாமி என்றால் பலருக்குத் தெரியாது, டிராஃபிக் ராமசாமி என்றால் தெரியும். பாரிமுனையில் நின்று தானாகவே போக்குவரத்தை ஒழுங்குபடுத்தி அந்தப் பட்டம் வாங்கியவர். சட்டைப் பையில் காகிதங்கள் பிதுங்க, விதிமீறிய கட்டடங்களுக்கும் சாலையோர பிளக்ஸ் பேனர்களுக்கும் எதிராக உயர் நீதிமன்றத்தில் வழக்குமேல் வழக்காகப் போட்டுக்கொண்டிருந்தவர். நீதிபதிகளே சில சமயம் சலித்துக்கொண்டதுண்டு. எனக்கும் அவருடைய எல்லா வழக்குகளிலும் உடன்பாடில்லை. விளம்பர ஆசை இருந்தது, அரசியல் ஆசையும் இருந்தது, ஆர்.கே.நகர் இடைத்தேர்தலில் ஜெயலலிதாவை எதிர்த்து நின்றார். ஆனால் ‘உனக்கு என்ன நஷ்டம்?’ என்ற கேள்வியை 1981 டிசம்பரில் பகவதி ஒதுக்கித் தள்ளியது இப்படிப்பட்ட ஆளுக்காகத்தான். மேலூரில் அவருக்கு ஒரு செண்ட் நிலம் கிடையாது.

மதுரையிலேயே உயர் நீதிமன்றக் கிளை 2004 ஜூலை 24 முதல் நடக்கிறது. யானைமலை அடிவாரத்தில், மேலூருக்குப் போகிற அதே ரோட்டில். கோவில்பட்டிக்காரருக்கு எழும்பூர் ரயில் மிச்சமானது அந்த நாளில்தான், இப்போது காலை பஸ்ஸில் போய்ச் சாயங்காலம் திரும்பிவிடலாம். இருந்தும் கிரானைட்டுக்கான பெரிய வழக்கு சென்னையில் தலைமை நீதிபதியின் அமர்வுக்குப் போனது. உள்ளூரில் மனு போட்டுவிட்டு உள்ளூரிலேயே குடியிருப்பது எவ்வளவு லேசான காரியம் என்று யோசித்தால் அதில் ஆச்சரியமில்லை.

2014 செப்டம்பர் 11. தலைமை நீதிபதி சஞ்சய் கிஷன் கவுல், நீதிபதி எம்.சத்தியநாராயணன் அமர்வு, சகாயத்தையே விசாரணைக்கு நியமித்தது. எந்த அதிகாரியை அரசு கைத்தறிக்கு அனுப்பியதோ அதே அதிகாரி, இந்த முறை கோர்ட்டின் ஆளாக. அரசு உடனே உச்ச நீதிமன்றத்துக்கு ஓடியது, ஒரே வாரத்தில் மனு தள்ளுபடி. அதற்குப் பிறகும் ஆணை பிறப்பிக்காமல் இழுத்ததற்காக அக்டோபரில் உயர் நீதிமன்றம் அரசுக்குப் பத்தாயிரம் ரூபாய் அபராதம் போட்டது. பல்லாயிரம் கோடி வழக்கில் பத்தாயிரம் ரூபாய். தொகை சின்னது, ஆனால் திருடு போனது எங்கள் சொத்து என்று சொல்ல வேண்டிய அரசே விசாரணை வேண்டாம் என்று நின்றது அந்த அபராத உத்தரவால் கோர்ட்டுக் காகிதத்தில் பதிவானது. மாநிலம் முழுக்க என்று ஆரம்பித்த விசாரணை, முதலில் மதுரை மாவட்டத்தோடு என்று சுருங்கியது. டிசம்பரில் சகாயம் மதுரைக்கு வந்தார்.

அடுத்த ஒரு வருஷம் ஊர் ஊராக மனுக்கள், குன்று குன்றாக அளவை. நரபலி கொடுத்ததாக ஒரு புகார் வந்து, 2015 செப்டம்பரில் மேலூர் அருகே மலம்பட்டிச் சுடுகாட்டைத் தோண்ட வேண்டும் என்றபோது, அன்றே தோண்ட ஏற்பாடு கிடைக்காமல், தடயம் போய்விடக் கூடாதென்று சகாயம் ராத்திரி முழுக்க அங்கேயே கட்டில் போட்டுப் படுத்தார். மறுநாள் எலும்புகள் கிடைத்தன. டிவிக்காரர்களுக்கு அதுதான் செய்தி. கன மீட்டர், நடைச்சீட்டு, குத்தகை எல்லை எல்லாம் அந்த எலும்புகளுக்குப் பின்னால் மறைந்தது எனக்கு அப்போதே உறுத்தலாக இருந்தது.

2015 நவம்பர் 23-இல் அறிக்கை உயர் நீதிமன்றத்துக்குப் போனது. சுமார் அறுநூறு பக்கம், இணைப்புகள் ஆயிரக்கணக்கில். இழப்பு ஒரு லட்சம் கோடியைத் தாண்டும் என்று செய்தி வந்தது. சி.பி.ஐ. விசாரணை வேண்டும் என்பது பரிந்துரை. மூன்று வருஷத்தில் பதினாறாயிரம் கோடி எப்படி லட்சம் கோடி ஆனது என்று கேட்பது நியாயம்தான். அளந்த பரப்பும் கணக்கில் சேர்த்த இனங்களும் கூடின. ஆனால் தொகை அந்த உயரத்துக்குப் போனதும் அது யாருடைய பணமும் இல்லை என்பது போல ஆகிவிட்டது. டீக்கடையில் சிரித்துக்கொண்டே சொல்லும் எண்ணாகிவிட்டது. ஒரு கண்மாயை மூடியதால் எத்தனை ஏக்கர் தரிசாச்சு என்று அறிக்கை ஊர்ப் பெயரோடு சொல்லிப் பரவியிருந்தால் மேலூர்ச் சந்தையில் நின்று பேசியிருப்பார்கள்.

கீழ்க் கோர்ட்டில் நடந்தது வேறு கதை. 2016-இல் மேலூர் நீதித்துறை நடுவர் இரண்டு வழக்குகளில் பி.ஆர்.பி. தரப்பை விடுவித்து, வழக்குக் கொண்டுவந்த முன்னாள் கலெக்டர் அன்சுல் மிஸ்ரா மீதே நடவடிக்கை எடுக்கச் சொன்னார். உயர் நீதிமன்றம் தலையிட்டது, நடுவர் பணியிடை நீக்கம் ஆனார், அந்தத் தீர்ப்பு ரத்தானது. 2019-இல் அமலாக்கத் துறை, டாமின் குத்தகை நிலத்துக்குள் புகுந்து வெட்டியதாகச் சொல்லி ஒலிம்பஸ் கிரானைட்ஸ் தொடர்பான சுமார் நாற்பது கோடி ரூபாய்ச் சொத்தை முடக்கியது. முன்னாள் மத்திய அமைச்சர் ஒருவரின் மகன் தொடர்புள்ள நிறுவனம் அது. வழக்கு என்னவோ ஒரு கட்சியோடு நிற்கவில்லை.

கர்நாடகத்தின் பெல்லாரி வழக்கோடு இதை வைத்துப் பார்த்தால் பொதுநல வழக்கு எங்கே கைகொடுத்தது, எங்கே கைவிட்டது என்று தெரியும். சமாஜ் பரிவர்த்தனா சமுதாயா என்ற அமைப்பு உச்ச நீதிமன்றத்தில் போட்ட வழக்கில் கோர்ட்டே சுரங்கங்களை நிறுத்தியது, குத்தகைகளைத் தரம் பிரித்தது, 2013 ஏப்ரலில் மோசமானவற்றை ரத்தே செய்துவிட்டது. கையில் சாட்டையை வைத்துக்கொண்டு கோர்ட் நின்றது. மதுரையில் கோர்ட் ஒரு நல்ல அதிகாரியைக் கொடுத்தது, அவர் ஒரு நல்ல அறிக்கையைக் கொடுத்தார், அறிக்கையின் மேல் என்ன செய்வது என்று சொல்ல வேண்டிய பொறுப்பு சுற்றி வளைந்து மறுபடி அரசிடமே வந்து சேர்ந்தது. டாமினின் பதிவேடுகளை வைத்திருந்தவர்கள் வசமே அந்தப் பதிவேடுகளைப் பற்றிய முடிவும்.

டிராஃபிக் ராமசாமி 2021 மே 4-இல் இறந்தார். சகாயம் அதே வருஷ ஜனவரியில், ஓய்வுக்குச் சில வருஷம் இருக்கும்போதே, விருப்ப ஓய்வில் வெளியேறிவிட்டார். 2025-இல் மதுரையில் கனிம வழக்குகளுக்கான சிறப்பு நீதிமன்றம் அவரைச் சாட்சியாக அழைத்தபோது, தனக்கிருந்த போலீஸ் பாதுகாப்பை விலக்கிக்கொண்டுவிட்டார்கள், உயிருக்கு ஆபத்து இருக்கிறது, வர இயலாது என்று தெரிவித்தார். கோர்ட் நியமித்த அதிகாரி கோர்ட்டுக்கு வரப் பயப்படும் நிலை பற்றி நீதிமன்றமும் கேள்வி எழுப்பியது. 2012-இல் பதிவான வழக்குகளில் 2025-இலும் சாட்சி விசாரணை நடந்தது என்பதைத் தனியாக அழுத்திச் சொல்ல வேண்டியதில்லை.

2012-இல் மேலூர் விவகாரத்தில் கலெக்டரை மாற்றச் சில நாட்கள் ஆயின. அடுத்த வருஷம் நம் விளாத்திகுளம் தாலுகாவில் அதைவிட வேகமாக நடந்தது. 2013 ஆகஸ்ட் 6-ஆம் தேதி தூத்துக்குடி கலெக்டர் ஆஷிஷ்குமார் வைப்பாறு கடற்கரைக்கு அதிகாரிகளை அனுப்பித் தாது மணலை அளக்கச் சொன்னார். இடமாற்ற உத்தரவு அன்றைக்கே வந்தது. கரிசல் முடிந்து கடல் தொடங்குகிற அந்த இடத்தில் என்ன இருந்தது, யார் வழக்குப் போட்டார்கள், மாநிலம் முழுக்கத் தாது மணல் எடுக்க ஆறே வாரத்தில் எப்படித் தடை வந்தது என்பதை அடுத்த பகுதியில் பார்க்கலாம்.

(தொடரும்)